நரி நரியாகவே இருக்கட்டும்

(திருவாதவூரில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



வாதவூரர் என்னும் மாணிக்கவாசகர் பிறந்த மண்ணில் நின்று நரியைப் பற்றிப் பேசக் கிடைத்ததை ஒரு பேறாகவே கருதுகிறேன். இந்த ஊரின் கதையோடு நரி நெருக்கமாகச் சேர்ந்து நிற்கிறது. அமைச்சராகப் பாண்டியனுக்குக் குதிரை வாங்கப் போன வாதவூரர், திருப்பெருந்துறையில் குருவைக் கண்டு, கொண்டுபோன பொன்னையெல்லாம் திருப்பணிக்குச் செலவிட்டார். அவருக்காக இறைவன் காட்டு நரிகளைக் குதிரைகளாக்கி மதுரைக்கு ஓட்டிவந்தான். இரவானதும் அவை மறுபடி நரிகளாகி ஊளையிட்டன. லாயத்தில் நின்ற பழைய குதிரைகளைக் கடித்துவிட்டு ஓடின. பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணம் 59, 60ஆம் படலங்களில் இதைச் சொல்கிறது. மீனாட்சியம்மன் கோயில் ஆவணி மூலத் திருவிழாவில் இந்த லீலை ஆண்டுதோறும் நடக்கிறது.

இந்தக் கதையைக் கேட்டு வளர்ந்த நாம் குதிரையை வியக்கிறோம். அரசனை, அமைச்சரை, இறைவனை நினைக்கிறோம். நரியை மட்டும் யாரும் நின்று பார்ப்பதில்லை. குதிரையாவதற்கு முன்பும் அது ஓர் உயிர். மறுபடி நரியாகி ஓடிய பிறகும் அது ஓர் உயிர். அந்த உயிர் எப்படி வாழ்கிறது, எங்கே குட்டி போடுகிறது, எதைத் தின்கிறது, அதற்கு நம்மிடமிருந்து என்ன வேண்டும் என்பதே என் பேச்சு.

நம் ஊர்களில் நரி என்று பொதுவாகச் சொல்லப்படுவது இரண்டு தனித்தனி விலங்குகள். பெரியதை நான் இங்கே நரி என்கிறேன். சிறியதைக் குள்ளநரி என்கிறேன். இரண்டும் நாய்க் குடும்பத்தைச் சேர்ந்தவை. நரி எட்டு முதல் பதினொரு கிலோ வரை இருக்கும். நாட்டு நாயைவிடக் கொஞ்சம் சிறியது. உடல் மங்கிய பொன்னிறம், முதுகில் கறுப்பு மயிர் கலந்திருக்கும். ஆசியாவிலும் தென்கிழக்கு ஐரோப்பாவிலும் பரவியுள்ள இனம் அது. இலங்கையிலும் உண்டு. குள்ளநரி இரண்டு முதல் நான்கு கிலோதான். காது பெரியது, கால் மெலிந்தது, வால் அடர்ந்தது, வால் நுனி கறுப்பு. இமயமலை அடிவாரத்திலிருந்து கன்னியாகுமரி வரை இந்தியத் துணைக்கண்டத்தில் மட்டுமே வாழும் இனம். உலகில் வேறெங்கும் கிடையாது. அருகில் பார்க்க வாய்த்தால் கண்ணைக் கவனியுங்கள். வெளிச்சத்தில் குள்ளநரியின் கண்மணி பூனைக்குப் போல நெடுக்காகச் சுருங்கும். நரியின் கண்மணி நாய்க்குப் போல வட்டமாகவே இருக்கும்.

குள்ளநரியை முறையாக ஆராய்ந்த முன்னோடிகளில் ஒருவர் நம் பக்கத்து மனிதர். நாங்குநேரியில் பிறந்த ஏ.ஜே.டி. ஜான்சிங், சிவகாசி அய்ய நாடார் ஜானகி அம்மாள் கல்லூரியில் விலங்கியல் கற்பித்தவர். பந்திப்பூர்ச் செந்நாய்களைப் பற்றிய ஆய்வால் பின்னாளில் உலகப் புகழ் பெற்றார். குள்ளநரியின் வாழ்க்கையைப் பற்றி அவர் எழுதிய கட்டுரை 1978இல் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழக இதழில் வந்தது. 2024 ஜூன் மாதம் அவர் மறைந்தார். புலியும் யானையும் மட்டுமே ஆராயத்தக்கவை என்று பலர் நினைத்த காலத்தில், வானம் பார்த்த பூமியில் ஓடும் மூன்று கிலோ விலங்கை அவர் பொருட்படுத்தினார். அந்தப் பார்வைதான் நமக்கு வேண்டும்.

இனி வளைக்கு வருகிறேன். குள்ளநரியின் வாழ்க்கையே வளையைச் சுற்றி அமைந்தது. நாய்க் குடும்பத்தில் பல இனங்கள் குட்டி போடும் காலத்தில் மட்டும் வளை தேடும். குள்ளநரியோ வெயிலுக்கு ஒதுங்கவும் பகைக்கு ஒளியவும் ஆண்டு முழுவதும் வளையை நாடும். மேடும் பள்ளமுமான திறந்த தரையில், தூரத்தில் வருவதைப் பார்க்க வசதியான இடத்தில் வளை இருக்கும். பல நேரம் வெள்ளெலியின் பொந்தைத்தான் தோண்டிப் பெரிதாக்கிக்கொள்கிறது. சமதரையில் ஒரே வளைக்குப் பல வாய்கள் இருக்கும். ஒரு வாயில் ஆபத்து என்றால் இன்னொரு வாயால் வெளியேறும். நல்ல வளை ஒரு பருவத்தோடு முடிவதில்லை. அடுத்தடுத்த ஆண்டுகளிலும் அதே வளைக்குத் திரும்பி வருகின்றன.

மார்கழி, தையில் இணை சேர்கின்றன. ஏறக்குறைய ஐம்பது நாளில் குட்டிகள் பிறக்கின்றன. பெரும்பாலும் இரண்டு முதல் நான்கு. பிறக்கும்போது கண் திறந்திருக்காது. ஒரு மாதம் ஆகும்போது வளை வாய்க்கு வந்து விளையாடும். ஆணும் பெண்ணும் சேர்ந்தே வளர்க்கின்றன. இரண்டும் இரை கொண்டுவருகின்றன, இரண்டும் காவல் காக்கின்றன. மழைக்காலம் தொடங்கும் வேளையில் குட்டிகள் தனி வழி தேடிப் புறப்படுகின்றன. இந்த மாதக் கணக்கை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பேச்சின் முடிவில் இது நமக்குத் தேவைப்படும்.

நரியின் குடும்பம் இன்னும் விரிந்தது. ஆணும் பெண்ணும் நெடுங்காலம் இணைந்து வாழ்கின்றன. கருக்காலம் அறுபத்து மூன்று நாள். கண்மாய்க் கரை, ஓடையின் சரிவு, முள்ளம்பன்றி விட்டுப்போன பொந்து, சாலைக்கு அடியில் போகும் சிறுபாலம் என்று கிடைத்த இடத்தில் குட்டி போடும். வேட்டைக்குப் போன பெற்றோர் இறைச்சியை வயிற்றில் கொண்டுவந்து குட்டிகளின் முன் கக்கி ஊட்டுகின்றன. போன ஈற்றில் பிறந்த பிள்ளைகளில் சில பெற்றோரை விட்டுப் போகாமல் தங்கித் தம்பி தங்கைகளை வளர்க்க உதவுகின்றன. தங்கைக்காகப் படிப்பைப் பின்னுக்குத் தள்ளி வேலைக்குப் போகும் அண்ணனை நம் வீடுகளில் பார்த்திருப்பீர்கள். நரி வீட்டிலும் அப்படி ஒருவர் உண்டு. ஆப்பிரிக்காவின் கருமுதுகு நரிகளை செரெங்கெட்டியில் ஆராய்ந்த பட்ரீசியா மோல்மன், இப்படி உதவும் மூத்த பிள்ளைகள் எத்தனை கூடுதலோ அத்தனை கூடுதலாகக் குட்டிகள் பிழைக்கின்றன என்று 1979இல் எழுதினார். கதைகளில் தந்திரக்காரன், ஏமாற்றுக்காரன் என்று நாம் பெயர் சூட்டிய விலங்கு, பொறுப்பான குடும்பத்தின் மேல்தான் தன் பிழைப்பையே கட்டியிருக்கிறது.

அந்தி சாய்ந்ததும் கேட்கும் ஊளை இந்தக் குடும்பத்தின் குரல். ஒன்று தொடங்க, இணை சேர்ந்துகொள்ள, பிள்ளைகளும் சேர்ந்துகொள்ளும். அடுத்த எல்லையில் இருக்கும் குடும்பம் பதில் தரும். இது எங்கள் இடம், இத்தனை பேர் இருக்கிறோம் என்று அறிவிக்கும் செயல் அது. ஊளைக்கும் சாவுக்கும் தொடர்பில்லை; அதைக் கேட்டு அஞ்ச வேண்டியதில்லை.

உணவுக்கு வருவோம். விவசாயிகள் நிறைந்த அவை இது. இந்தப் பகுதி உங்களுக்கானது. குள்ளநரி வெட்டுக்கிளி, வண்டு, கரையான், ஈசல், எலி, ஓணான், நண்டு, தரையில் கூடு கட்டும் பறவைகளின் முட்டை எல்லாவற்றையும் தின்னும். வேப்பம்பழமும் ஆலம்பழமும் தின்னும். நரியும் அப்படியே, செத்த கால்நடையையும் விடாது. இலந்தைப் பழக் காலத்தில் நரியின் எச்சம் முழுக்க இலந்தைக் கொட்டையாக இருக்கும். அந்தக் கொட்டை வேறோரிடத்தில் முளைக்கும். கடலைக் காட்டிலும் நெல் வயலிலும் வரப்பைத் துளைத்துக் கதிரைக் கொண்டுபோகும் எலிகளை இரவு முழுவதும் தேடித் திரியும் விலங்கு இது. ஆந்தையும் சாரைப் பாம்பும் செய்யும் வேலையில் பெரும் பங்கை நரியும் எடுத்துக்கொள்கிறது. எலிக்கு நஞ்சு வைக்கும்போது அந்த எலியைத் தின்னும் நரிக்கும் ஆந்தைக்கும் சேர்த்தே வைக்கிறோம்.

நரி ஆட்டுக்குட்டியை எடுக்காதா, கோழியைப் பிடிக்காதா என்றால், எடுக்கும், பிடிக்கும். மறைக்க ஒன்றுமில்லை. கிடை போடும் கீதாரிகளுக்கு இது புதிய செய்தியும் அல்ல. குட்டிகளை இரவில் கூட்டுக்குள் மூடி வைத்து, நாயோடு காவல் இருந்து, அவர்கள் தலைமுறை தலைமுறையாக நரியோடு ஒரே நிலத்தில் பிழைத்திருக்கிறார்கள். கோழியை இருட்டுவதற்கு முன் பஞ்சாரத்தில் அடைத்தால் போதும். இழப்பு உண்டு, அதைக் குறைக்கும் அறிவும் நம்மிடமே உண்டு.

வளையில் வாழும் ஊனுண்ணிகள் உலகெங்கும் உண்டு. அவற்றில் ஒன்றை மட்டும் சற்று விரித்துச் சொல்கிறேன், ஏனென்றால் அங்கே நமக்கொரு பாடம் இருக்கிறது. ஐரோப்பாவில் வளைக்கரடி என்றொரு விலங்கு. பெயரில் கரடி, உண்மையில் நீர்நாயின் குடும்பம். வெள்ளை முகத்தில் இரண்டு கறுப்புப் பட்டைகள், பத்துப் பன்னிரண்டு கிலோ எடை, தோண்டுவதற்கென்றே வளர்ந்த முன்னங்கால் நகங்கள். கூட்டமாக ஒரே வளையில் வாழும். சில வளைகள் நூறாண்டுக்கும் மேலாகத் தலைமுறைகளால் தோண்டித் தோண்டி நீட்டப்பட்டவை. பல வாய்கள், அறைகள், சுரங்க வழிகள். படுக்கைப் புல்லை வெளியே இழுத்துப் போட்டு மறுபடி உள்ளே கொண்டுபோகும். தம் எல்லையில் குழி பறித்து அங்கேயே மலம் கழித்து எல்லையைக் குறிக்கும். முக்கிய உணவு மண்புழு. எந்த மாதம் இணை சேர்ந்தாலும் கரு வளராமல் காத்திருந்து, குளிர்காலத்தில்தான் கருப்பையில் பதிகிறது. அதனால் குட்டிகள் எல்லாம் ஏறக்குறைய பிப்ரவரியில் பிறக்கின்றன. ஒரு வளையில் வளைக்கரடி ஒரு பக்கமும் செந்நரி இன்னொரு பக்கமும் குடியிருப்பதும் அங்கே நடக்கும்.

பிரிட்டனில் 1992ஆம் ஆண்டின் சட்டம் ஒன்று வளைக்கரடியோடு அதன் வளையையும் காக்கிறது. வளையை இடிப்பதும் அடைப்பதும் குற்றம். அதே நாட்டில், மாட்டுக்கு வரும் காசநோயைப் பரப்புகிறது என்று சொல்லி, 2013 முதல் அரசின் உரிமத்தோடு இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட வளைக்கரடிகளைக் கொன்றிருக்கிறார்கள். அது சரியா தவறா என்று அங்கே விஞ்ஞானிகளும் விவசாயிகளும் இன்றும் வாதாடுகிறார்கள். அந்த வழக்கின் தீர்ப்பு நம் வேலையல்ல. உயிரைக் காக்க நினைத்த சட்டம் அது குடியிருக்கும் மண்ணையும் பெயர் சொல்லிக் காத்தது என்பதை மட்டும் நாம் எடுத்துக்கொள்வோம். நம் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் 1972இல் வந்தது. வேட்டை என்பதற்கு அது தரும் விளக்கத்தில், பறவையின், ஊர்வனவற்றின் முட்டையும் கூடும் பெயரோடு இடம்பெறுகின்றன. பாலூட்டி விலங்கின் வளை அப்படி இடம்பெறவில்லை. நரியும் குள்ளநரியும் அந்தச் சட்டத்தால் காக்கப்பட்டவைதான்; அவற்றைப் பிடிப்பதும் கொல்வதும் குற்றம். அவற்றின் வீட்டை ஓர் இயந்திரம் ஒரு நிமிடத்தில் வழித்துப் போனால் கேட்பாரில்லை.

வளைக்கரடியின் உறவு நம் நாட்டிலும் உண்டு. தேன்வளைக்கரடி என்பார்கள். மேலே சாம்பல் வெள்ளை, கீழே கறுப்பு. தடித்துத் தளர்ந்த தோல், யார் கவ்வினாலும் அதற்குள்ளேயே திரும்பிக் கடிக்கும். தேனடையையும் பாம்பையும் எலியையும் தேடி இரவில் திரியும். தாய் தனியாகவே ஒரு குட்டியை, சில நேரம் இரண்டை, ஓராண்டுக்கும் மேலாக வளர்க்கும். நம் எல்லையை ஒட்டிய கர்நாடகத்தின் காவிரி வனவிலங்குச் சரணாலயத்தில் 2014இல் தானியங்கி கேமராவில் அது பதிவானபோது ஆய்வாளர்களே வியந்தார்கள், அவ்வளவு அரிது. வடநாட்டில் அதைப் பிணம் தோண்டும் விலங்கு என்று வெறுத்தார்கள். நம் சுடுகாட்டுக் கதைகளில் நரிக்குக் கிடைத்த பெயரும் அதுதான். இரவில் நடமாடி, மண்ணுக்குள் வாழ்ந்து, செத்ததைத் தின்று நிலத்தைச் சுத்தமாக்கும் உயிர்களுக்கு மனிதன் கொடுத்த கூலி அவப்பெயர்.

வெறுப்பைப் போலவே நம்பிக்கையும் நரியைக் கொல்கிறது. நரி முகத்தில் விழித்தால் நல்லது என்கிறோம். சேலம் மாவட்டம் வாழப்பாடிப் பக்கத்துச் சில ஊர்களில் பொங்கல் நாளில் வங்காநரி என்று அழைக்கும் குள்ளநரியைப் பிடித்துவந்து, வாயைக் கட்டி, ஊருக்குள் ஓடவிடும் வழக்கம் இருக்கிறது. வனத்துறை தடுத்தும் அபராதம் விதித்தும் வருகிறது. நரிக்கொம்பு வீட்டிலிருந்தால் செல்வம் சேரும் என்று விற்கிறார்கள். பிள்ளைகளே, நரிக்குக் கொம்பு கிடையாது. எந்த நரிக்கும் கிடையாது. விற்கப்படுவது செய்து ஒட்டிய பொருள். அதற்காகச் செத்த நரி மட்டும் உண்மை. 2021 ஜூனில் திருச்சி ஜீயபுரம் அருகே இறைச்சிக்குள் வெடி வைத்து ஒரு நரியைக் கொன்றதற்காகப் பன்னிரண்டு பேர் கைதானார்கள். அவுட்டுக்காய் என்று நாம் சொல்லும் அந்த வெடி பன்றிக்கென்று வைத்தாலும், கடிக்கும் எந்த உயிரின் தாடையையும் சிதைத்துவிடும்.

இவற்றைவிட அமைதியாக வரும் ஆபத்து நாயிலிருந்து வருகிறது. மகாராஷ்டிரத்தில் சோலாப்பூர் அருகே நான்னஜ் புல்வெளியில் அபி தமிம் வனக் என்ற ஆய்வாளர் குள்ளநரிகளுக்கு ரேடியோ கழுத்துப் பட்டை அணிவித்து ஆண்டுக்கணக்கில் தொடர்ந்தார். நாய் நடமாடும் இடங்களைக் குள்ளநரி தவிர்க்கிறது, நல்ல உணவு இருந்தாலும் விட்டு விலகுகிறது என்று கண்டார். சுற்றுக் கிராம நாய்களிடம் பரவலாக இருந்த டிஸ்டெம்பர் என்ற வைரஸ் நோய் குள்ளநரிகளையும் தாக்கிக் கொன்றது. குப்பையில் நாம் கொட்டும் மிச்சத்தால் தெருநாய் பெருகுகிறது. அது பொட்டலுக்குப் போய் நரியின் இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. வெறிநோயும் இரண்டுக்கும் பொது. பகலில் அச்சமில்லாமல் நெருங்கி வரும் நரியை யாரும் தொடக்கூடாது. கடித்தால் உடனே காயத்தைச் சோப்புப் போட்டு ஓடும் நீரில் பதினைந்து நிமிடம் கழுவி, மருத்துவமனைக்குப் போய்த் தடுப்பூசி போட்டுக்கொள்ள வேண்டும். ஊர் நாய்களுக்குத் தடுப்பூசி போடுவது நம் பிள்ளைகளையும் காக்கும், நரியையும் காக்கும்.

எல்லாவற்றுக்கும் அடியில் இருக்கும் ஆபத்து, நிலத்துக்கு நாம் வைத்திருக்கும் மதிப்பு. மரமில்லாத நிலத்தைத் தரிசு, பொட்டல், புறம்போக்கு என்று எழுதிவிட்டால் அதில் எதுவும் வாழவில்லை என்று ஆகிவிடுகிறது. அரசின் தரிசு நில வரைபடங்களிலும் புல்வெளிகள் அந்தக் கணக்கில்தான் வருகின்றன. எம்.டி. மதுசூதனும் வனக்கும் சேர்ந்து இந்தியாவின் வறண்ட திறந்தவெளி நிலங்களை வரைபடமாக்கினார்கள். நாட்டின் பரப்பில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு இத்தகைய நிலம். அதில் நூற்றுக்கு ஐந்துகூடப் பாதுகாக்கப்பட்ட பகுதிக்குள் இல்லை. குள்ளநரியின் வீடு பெரும்பாலும் பாதுகாப்பில்லாத அந்த மிச்சத்தில்தான் இருக்கிறது. அங்கே தொழிற்சாலை வரலாம், குவாரி வரலாம், பசுமையாக்குகிறோம் என்று நெருக்கமாக மரம் நடலாம். சீமைக்கருவேல் மண்டினால் நரி பகலில் அதற்குள் ஒதுங்கிக்கொள்ளும். குள்ளநரிக்குத் திறந்த புல்தரை வேண்டும். முட்காடு அதற்கு வீடாகாது.

நம் மேலூர் வட்டம் இதை இரு வகையிலும் பார்த்திருக்கிறது. கிரானைட்டுக்காகக் குன்றுகளை அறுத்ததைப் பார்த்தோம். 2014இல் உயர் நீதிமன்றம் ஐ.ஏ.எஸ். அதிகாரி உ. சகாயத்தை விசாரணைக்கு அமர்த்த வேண்டிய நிலை வந்தது. அதே வட்டத்தில் அரிட்டாபட்டியும் மீனாட்சிபுரமும் சேர்ந்த 193.42 ஹெக்டேர் நிலம் 2022 நவம்பரில் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமானது. லகர் வல்லூறும் அழுங்கும் தேவாங்கும் வாழும் குன்றுகள் அவை. அந்தப் பகுதியை உள்ளடக்கி டங்ஸ்டன் சுரங்க ஏலம் வந்தபோது மக்கள் மதுரைக்கு நடந்தார்கள். 2025 ஜனவரியில் ஏலம் ரத்தானது. ஊர் மக்கள் தம் நிலத்தில் என்ன இருக்கிறது என்று பெயர் சொல்லத் தெரிந்தவர்களாக இருந்தார்கள். சமணர் கற்படுக்கை, சுனை, வல்லூறு, கண்மாய் என்று அடுக்கிச் சொன்னார்கள். அந்த அறிவுதான் அவர்களுக்கு வலிமை தந்தது.

திருவாதவூரும் பெயர் சொல்லத் தெரிந்த ஊர்தான். குறிஞ்சிப் பூக்களை வரிசையாகச் சொன்ன கபிலரை இவ்வூர்க்காரர் என்று நீங்கள் பெருமை கொள்கிறீர்கள். அவருடைய ஊரில் நரியின் வளைக்கும் ஒரு பதிவு இருக்க வேண்டும் என்று கேட்பது பொருத்தமானதே.

ஆகவே நான் கேட்பது நான்கு. முதலாவது, 2002ஆம் ஆண்டின் பல்லுயிர்ச் சட்டப்படி ஊராட்சிதோறும் பல்லுயிர் மேலாண்மைக் குழுவும் மக்கள் பல்லுயிர்ப் பதிவேடும் இருக்க வேண்டும். நரியும் குள்ளநரியும் எந்தக் கரையில், எந்த மேட்டில் வளை வைத்திருக்கின்றன என்பதை ஆடு மேய்ப்பவர்களையும் வயலுக்கு இரவுக் காவல் போகிறவர்களையும் கேட்டு அந்தக் குழு குறித்துவைக்கட்டும். இடம் ஊருக்குள் இருக்கட்டும்; கைப்பேசியில் படம் போட்டுப் பரப்ப வேண்டாம், வேட்டைக்காரனுக்கு அது வழிகாட்டியாகிவிடும். இரண்டாவது, முன்பு சொன்ன மாதக் கணக்கு. மாசியிலிருந்து வைகாசி வரை வளைக்குள் குட்டிகள் இருக்கும். கண்மாய் வறண்டு வண்டல் எடுப்பதும், கரையைச் சீர்செய்வதும், காய்ந்த புதருக்குத் தீ வைப்பதும் அதே மாதங்களில்தான். ஜேசிபி இறங்கும் முன்னால் ஊர்க்காரர் ஒருவர் கரையை நடந்து பார்க்கட்டும். புதிய மண் தள்ளிய வளை தெரிந்தால் அந்தத் துண்டை மட்டும் மழைக்காலம் வரை விட்டுவையுங்கள். மூன்றாவது, ஆண்டுக்கொரு முறை ஊர் நாய்கள் எல்லாவற்றுக்கும் தடுப்பூசி. அவுட்டுக்காய்க்கும் நஞ்சுக்கும் ஊரில் இடமில்லை என்ற கட்டுப்பாடு. நான்காவது, மேய்ச்சல் புறம்போக்கு மேய்ச்சல் புறம்போக்காகவே இருக்கட்டும். புல் முளைக்கும் திறந்த நிலத்தில் ஆடும் மேயும், குள்ளநரியும் வாழும்.

இந்த நான்கையும் தீர்மானமாக எழுதி அடுத்த கிராம சபையில் வையுங்கள். சட்டம் பெயர் சொல்லாத வளையை ஊர் பெயர் சொல்லிக் காத்தது என்று அறிந்து, நாளை இன்னோர் ஊரும் உங்களைப் பார்த்துச் செய்யும். உயிர்களிடத்தில் அன்பு என்று மேடையில் பேசுவது எளிது. ஒரு கரையில் ஒரு துண்டு மண்ணை நான்கு மாதம் தொடாமல் இருப்பதில்தான் அந்த அன்பு செயலாகிறது. அதை நீங்கள் செய்ய முடியும், செய்வீர்கள் என்று நம்புகிறேன்.